அட்டையில் ஐந்தாவது பெயர்

"நகை வேண்டாம், சீர் வேண்டாம். தாலி கட்டின கையோட பொண்ணு பேரை எங்க குடும்ப அட்டையில சேர்த்துடணும், அவ்வளவுதான்" என்றார் மாப்பிள்ளையின் அம்மா.

மாப்பிள்ளை குடிப்பாரா என்று தெருவெல்லாம் விசாரித்த பூவிழியின் அப்பா, அந்த வீட்டில் யார்மீதாவது வழக்கு இருக்கிறதா என்று கேட்க மறந்தார்.

வியாழக்கிழமை கல்யாணம். வெள்ளிக்கிழமை பெயர் ஏறியது. திங்களன்று, கொழுந்தன் செய்த கொலைக்குப் பதினைந்து ஆண்டு சிறை என்றார் நீதிபதி. குடும்ப அட்டையைப் பார்த்து, சட்டப்படி ஐந்து பேருக்கும் ஆளுக்கு மூன்று ஆண்டாகப் பங்கிட்டார்.

பூவிழி மருதாணிக் கையைப் பிசைந்துகொண்டு நின்றாள். "கொழுந்தனார் முகத்தையே நான் இன்னிக்குத்தான் பாக்குறேன் அத்தை."

மாமியார் ஒரு பையை நீட்டினார். "உனக்கு நாலு சேலை எடுத்து வச்சிருக்கேன். நம்ம ரெண்டு பேருக்கும் ஒரே அறையாக் கேட்டு வாங்கியிருக்கேன்மா."