பொங்கிய பால்

பிள்ளை பிறந்த ராசியான வீட்டை இனி விற்பதாயில்லை என்று ஆவுடையப்பன் பேச்சு மாறினார். மறுநாளே அவர் வீட்டு அடுக்களை குணவதியின் விரல்ரேகைக்கு மட்டும் திறந்தது. வீட்டை வாங்க அவள் கொடுத்த அட்வான்ஸ் திரும்பும்வரை அந்த அறை அவள் வசம். அக்ரிமெண்டை மீறினால் கோர்ட்டுக்கு அலைகிற வேலையெல்லாம் இப்போது இல்லை, வீடே பார்த்துக்கொள்ளும்.

காசு கைக்கு வந்ததும் கிளம்பிவிடும் எண்ணத்தில்தான் அவள் அடுக்களையில் உட்கார்ந்திருந்தாள். ஆவுடையப்பனின் மனைவி செண்பகம் கைக்குழந்தையோடு வந்து வாசலில் நின்றாள்.

"மதினி, பிள்ளை பசியில அழுவுது. கொஞ்சம் பால் காய்ச்சித் தாங்களேன்."

குணவதி பாலை அடுப்பில் ஏற்றினாள். குழந்தைக்கு விளையாட்டுக் காட்டிக்கொண்டே நின்றதில் பால் பொங்கி வழிந்துவிட்டது.

"பால் காய்ச்சிக் குடியேறிவிட்டீர்கள்," என்றது வீடு. "இனி அட்வான்ஸைத் திரும்பக் கேட்க முடியாது. மீதிப் பணத்தைக் கட்டவும். மற்றவர்கள் வெளியேறவும்."

குணவதி திகைத்தாள். மீதிக்கு அவள் எங்கே போவாள்?

"எனக்கு வீடு வேண்டாம், அட்வான்ஸ் போதும்," என்றாள்.

"நானும் விக்கலையே," என்றார் ஆவுடையப்பன்.

தெருக்கதவு தானாகத் திறந்துகொண்டது.

செண்பகம் குழந்தையைத் தோளில் மாற்றிப் போட்டாள்.

"மதினி, பாலை இங்கன வச்சே குடுக்கட்டுமா, இல்ல தெருவுக்குப் போயிரணுமா?"