தலையில் வைக்கும் கை

கத்திக் கத்தி மாஸ்டருக்குத் தொண்டை கட்டிவிட்டது.

அது செஸ்-குத்துச்சண்டைப் போட்டி: ஒரு சுற்று செஸ், அடுத்த சுற்று குத்துச்சண்டை. ஏதாவது ஒன்றில் எதிராளியைச் சாய்த்தால் போதும். செஸ்ஸில் இன்றைய எதிராளி 'சிலந்தி' புலிதான். ஆனால் குத்துச்சண்டையில், மாஸ்டரின் சிஷ்யன் 'சம்மட்டி' முன்னால் அவன் வெறும் பூச்சி. அப்படிப்பட்ட சம்மட்டி இன்றைக்கு மெத்தை தட்டுபவன்போல எதிராளியின் வயிற்றையே தட்டிக்கொண்டிருந்தான்.

"அவனுக்குப் பலமே மூளைதான்டா! தலையில கை வை!"

"வைக்கிறேன் மாஸ்டர்" என்றான். வைக்கவில்லை.

மணி அடித்தது. செஸ் பலகைக்குத் திரும்பிய சிலந்தி, நிதானமாகக் குதிரையை நகர்த்தி, "செக்மேட்" என்றான்.

உடை மாற்றும் அறையில் மாஸ்டர் துண்டை விசிறியடித்தார்.

"செவுத்துல போய் முட்டிக்கலாம் போல இருக்கு! கைக்கு எட்டினது வாய்க்கு எட்டாம பண்ணிட்டியே! உன் கையை யாருடா கட்டிப்போட்டது?"

சம்மட்டி கையில் சுற்றியிருந்த துணியை மெதுவாகப் பிரித்தான்.

"கை குலுக்கும்போதுதான் மாஸ்டர் ஆளைப் பார்த்தேன். தெரிஞ்சவரு."

"யாரு, உன் மாமனாரா?"

"டாக்டர். திங்கட்கிழமை என் பொண்ணுக்கு ஆபரேஷன். அவ தலையில கை வைக்கப்போறது அவருதான்."