இவர்தான் ஆதிபா

அட்டையைக் காட்டியபோது பச்சை விளக்கு எரிந்தது. விரலை வைத்தபோது சிவப்பு எரிந்தது.

ஆதிபா விரலைக் காற்சட்டையில் துடைத்துவிட்டு மறுபடியும் வைத்தாள். சிவப்பு.

துறைமுக வாசலில் அவளுக்குப் பின்னால் இருபது பேர் நின்றார்கள். காலை எட்டு மணிக்கு யாருக்கும் பொறுமை இருப்பதில்லை.

காவலுக்கு நின்ற ரெனால்ட் எட்டிப் பார்த்தார். கொட்டாஞ்சேனைக்காரர், வாயைச் சும்மா வைத்திருக்கத் தெரியாதவர். அவள் கையைக் கண்டதும் அவருக்கு விஷயம் விளங்கிவிட்டது.

பத்து விரல் நுனியிலும் மருதோன்றி. பூவும் கொடியுமாக வரைந்திருந்தால்கூடத் தப்பியிருக்கலாம். உம்மாவின் தங்கைக்கு, அதாவது சாச்சிக்கு, பழைய முறைதான் பிடிக்கும். ஒவ்வொரு நுனியையும் முழுக்க மூடித் தொப்பி போட்டுவிட்டார். ரேகை எங்கே இருக்கிறது என்று இயந்திரம் தேடிக் களைத்துப் போயிருந்தது.

"என்ன தங்கச்சி இது, வீட்டில கலியாணமோ?"

"ஓ அங்கிள், வீட்டிலதான்."

ஒன்பது மணிக்கு அவளுக்குப் பரீட்சை. நாற்பது மீற்றர் உயரத்துக் கிரேனில் தனியாக ஏறி, பரிசோதகர் காட்டுகிற கொள்கலனைத் தூக்கி, காட்டுகிற லொறியில் வைக்க வேண்டும். எட்டு மாதப் பயிற்சி இதற்காகத்தான். இன்று தவறினால் அடுத்த பரீட்சை ஆறு மாதம் கழித்து. ஆறு மாதத்துக்குப் பிறகு இந்த வாசல் வரைக்கும் தன்னை யாராவது வர விடுவார்களா என்று அவளுக்குத் தெரியவில்லை.

ரெனால்ட் கன்டீனுக்கு ஓடிப்போய் பாதித் தேசிக்காயோடு வந்தார். தேய்த்தால் போய்விடுமாம்.

புளி பட்டால் மருதோன்றி இன்னும் நன்றாகப் பிடித்துக்கொள்ளும் என்பது நான்கு ஆண்பிள்ளைகளைப் பெற்ற மனிதருக்கு எப்படித் தெரியும்? ஆதிபாவுக்குத் தெரியும். ஆனாலும் மூச்சிரைக்க நிற்கிறவரிடம் வேண்டாம் என்று சொல்ல மனம் வரவில்லை. தேய்த்தாள். வைத்தாள். சிவப்பு.

"கால் விரல வெச்சிப் பாருங்க மகள்," என்றார் பின்னால் நின்ற ஹஸன். துறைமுகத்துக்குள் கொள்கலன் லொறி ஓட்டுகிறவர்.

வரிசை முழுவதும் சிரித்தது. ஆதிபாவும் சிரித்தாள். சிரித்துக்கொண்டிருக்கும்போதே கண் கலங்கியதுதான் அவளுக்கு ஆத்திரமாக இருந்தது.

சத்தம் கேட்டு உள்ளேயிருந்து பாதுகாப்பு அதிகாரி வந்தார். கண்ணாடியை மூக்கு நுனியில் போட்டிருந்த சிங்களப் பெண்மணி. "பே நங்கி," என்றார். முடியாதென்றால் முடியாதுதான். போன மாதம் யாரையோ பாவம் பார்த்து உள்ளே விட்டு, விளக்கம் கேட்டுக் கடிதம் வாங்கியவர் அவர்.

ரெனால்ட் தனக்குத் தெரிந்த சிங்களம் முழுவதையும் செலவழித்தார். கடைசியில் அந்த அம்மா பெருமூச்சு விட்டு, மேசை லாச்சியைக் குடைந்து ஒரு படிவத்தை எடுத்தார். மூன்று மொழியிலும் அச்சடித்து, யாரும் பாவிக்காமல் மஞ்சள் பூத்துப்போன படிவம்.

விரல் அடையாளம் பதியாவிட்டால், இவர் இன்னார்தான் என்று இரண்டு ஊழியர்கள் சாட்சி சொல்ல வேண்டும். உரியவர் அதிகாரியின் கண்முன்னால் நான்கு இடங்களில் கையெழுத்திட வேண்டும்.

ரெனால்ட் முதல் ஆளாகப் போட்டார். இரண்டாவது சாட்சிக்காக வரிசையைத் திரும்பிப் பார்த்தார். இவ்வளவு நேரமும் கழுத்தை நீட்டி வேடிக்கை பார்த்தவர்கள் எல்லாரும் இப்போது வானத்தைப் பார்த்தார்கள்.

ஹஸன் பேனையை வாங்கினார்.

"முந்தாநாள் என்ட தலைக்கி மேல பெட்டிய எறக்கப் பாத்த புள்ள இவதான். மவுத்தாகும் வரைக்கும் இந்த முகத்த மறக்க மாட்டன்."

ஆதிபா நான்கு இடத்திலும் முழுப் பெயரையும் எழுதினாள். அவசரம்தான், ஆனாலும் ஓர் எழுத்தைக்கூடச் சுருக்கவில்லை. அந்த அம்மா கையெழுத்தைப் பார்த்தார், அட்டையைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார். பிறகு இடுப்பிலிருந்து பக்கக் கதவின் சாவியை எடுத்தார்.

ஒன்பதே காலுக்கு அவள் மேலே இருந்தாள். கீழே மனிதர்கள் சீனி எறும்பாகத் தெரிந்தார்கள். பரிசோதகர் காட்டிய நீலப் பெட்டி ஆடாமல் அசையாமல் இறங்கி, காத்துநின்ற லொறியில் உட்கார்ந்தது. ஓட்டுநர் ஜன்னலால் கையை நீட்டி, உயிரோடுதான் இருக்கிறேன் என்பதுபோல ஆட்டினார்.

"பாஸ்," என்றார் பரிசோதகர் வோக்கிடோக்கியில். அந்த ஒரு சொல்லுக்கு அவள் கிரேன் முழுவதும் கேட்கிற மாதிரி அல்ஹம்துலில்லாஹ் சொன்னாள்.

கீழே வந்து லொக்கரைத் திறந்தபோது போனில் பதினொரு மிஸ்ட் கோல். கடைசியாகச் சாச்சியின் குரல் செய்தி.

"பார்லர்ல இன்னம் முடியல்லியா மகள்? மாப்புள ஊட்டாக்கள் கூறச் சாரி கொணந்து ஈக்கிறாங்க."

முடியப் போகிறது சாச்சி என்று பதில் அனுப்பினாள்.

பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு மாளிகாவத்தைப் பள்ளிவாசலில் நிக்காஹ். பதிவுப் புத்தகத்தில் மாப்பிள்ளை கையெழுத்துப் போடுவார். அவளுக்காக வாப்பா போடுவார். சாட்சிகள் இரண்டு பேர் போடுவார்கள். மணமகள் பள்ளிக்குப் போக வேண்டியதில்லை, எந்த இடத்திலும் கையெழுத்துப் போட வேண்டியதும் இல்லை.

ஆதிபா கன்டீனில் ஒரு பிளேன்டீ குடித்துவிட்டு அவசரப்படாமல் ஆறுதலாகப் புறப்பட்டாள்.