ஃபயர்பிராண்டு

‘திங்களன்று பாண்டிச்செல்வி என்ற பெண் உங்கள் கம்பெனிக்கு வருகிறாள். ஃபயர்பிராண்டு. ஜாக்கிரதை.’

மைத்துனர் ஆங்கிலத்தில் அனுப்பிய எஸ்.எம்.எஸ்ஸைப் படிக்கச் சொல்லிக் கேட்டதும் ஆமத்தூர் பட்டாசு முதலாளி அய்யாதுரைக்குக் கோபம் தலைக்கேறியது.

“நம்மது ரெட்டைப்பூனை பிராண்டு. ஃபயர் பிராண்டு எவன்லே? வேவு பார்க்க ஆள் அனுப்புதானா?”

மேனேஜர் சங்கிலிமுத்து அகராதியைப் புரட்டினார். “கம்பெனிப் பேரு இல்ல மொதலாளி. கொள்ளிக்கட்டைன்னு போட்டிருக்கு.”

“பட்டாசு ஆபீஸுக்குள்ள கொள்ளிக்கட்டையா?”

திங்கட்கிழமை வாசலிலேயே பாண்டிச்செல்வியை நிறுத்தினார்கள். வாசல் காவலுக்கு நின்ற குருவம்மாள் அவளுடைய கைப்பையைத் தரையில் கொட்டினாள். கொண்டையை அவிழ்த்து, செருப்பையும் தட்டிப் பார்த்தாள். ஒரு தீக்குச்சிகூட இல்லை.

“வேலையா வந்தவள இப்படியா வெயில்ல நிறுத்திச் சோதிப்பீக?” என்று சீறினாள் பாண்டிச்செல்வி.

“இங்கன வேலை கிடையாது. கொள்ளிக்கட்டைன்னு அகராதியிலேயே போட்டிருக்கு. ஒன்னைய உள்ள விட்டா ஆமத்தூரே மேல போயிரும்” என்று அய்யாதுரை செல்போனை நீட்டினார்.

எஸ்.எம்.எஸ்ஸைப் படித்த பாண்டிச்செல்வியின் முகம் இன்னும் சிவந்தது.

“அகராதியில அடுத்த அர்த்தத்தையும் பாத்திருக்கலாம். தப்பைக் கண்டா ஊரைக் கூட்டுற ஆளுன்னு இருக்கும்.”

குனிந்து, தரையில் கிடந்த அடையாள அட்டையை எடுத்துக் காட்டினாள். தீக்குச்சியைத் தேடியவர்கள் அதைக் கவனிக்கவில்லை.

வெடிபொருள் பாதுகாப்பு இன்ஸ்பெக்டர்.

மாலையில் அவள் பதினெட்டுக் குறைகளை எழுதிவிட்டு, கம்பெனியைப் பூட்டி சீல் வைத்தாள். அறிக்கையின் கடைசி வரியில் ஒரே ஒரு பாராட்டு இருந்தது:

‘வாசல் சோதனை மிகச் சிறப்பு.’