எரிகோ குழுவின் கிட்டார்காரன்

இடது தோள்பட்டை கழன்று விழுவதுபோல வலித்தது.

விடிந்ததிலிருந்து மத்தியானம் வரை உப்பு மூட்டை. இப்போது கிட்டார் வார். இரண்டுக்கும் ஒரே தோள்.

சபையின் கன்வென்ஷன் கூட்ட மேடையில் அவன் ஓரமாக நின்றான். அங்கேதான் நிற்கச் சொல்லியிருந்தார்கள். முடியை வெட்டச் சொன்னார்கள், வெட்டினான். கறுப்புச் சட்டை ஆகாது என்றார்கள், வெள்ளை போட்டான். கிட்டார் சத்தம் வெளியே கேட்கக் கூடாது என்றார்கள். அதற்கும் தலையாட்டினான்.

பாஸ்டர் சாமுவேல்துரை மைக்கோடு அவன் பக்கம் திரும்பினார்.

"இந்தத் தம்பியப் பாருங்க. ஒரு காலத்துல பிசாசுக்கு வாசிச்சவரு. இன்னைக்கு கர்த்தருக்கு வாசிக்கிறாரு."

பந்தல் முழுக்க அல்லேலூயா.

அவன் பல்லைக் கடித்தான்.

பிசாசுக்கு ஒரு நாளும் வாசித்ததில்லை. அவனுடைய எரிகோ குழு பாடியதெல்லாம் வேத வசனம். கிட்டாரை இடியாக அலறவிட்டு, அடித்தொண்டையிலிருந்து உறுமிப் பாடுவார்கள். அவ்வளவுதான் அவர்கள் செய்த குற்றம். வேதாகமத்து ஊரான எரிகோவின் பெயரை வைத்தவன் டிரம்ஸ் அடித்த மெர்வின். "சத்தம் போட்டே மதில விழத்தட்டுன ஊருலே அது. நமக்கு வேற என்ன பேரு வைக்க?"

சென்னைக்கு வாசிக்கப் போனால், "டேய், ஜெபக்கூட்டம் வந்துடுச்சுடா" என்று ராக் கச்சேரிக்கு வந்த கறுப்புச் சட்டைப் பையன்கள் தண்ணீர் பாட்டிலை வீசினார்கள். ஊருக்குத் திரும்பினால் சபைக்காரர்கள் பிசாசு என்று கதவைச் சாத்தினார்கள். இரண்டு வாசலிலும் செருப்பைக் கழற்றிவிட்டுக் காத்துக் கிடந்ததுதான் அவனுடைய பாட்டு வாழ்க்கை.

பிறகு துறைமுகத்துச் சரக்குக் கிட்டங்கியில் மூட்டை அடுக்கு சரிந்தது. அவனோடு மூட்டை தூக்கிய மெர்வின் அடியில் சிக்கிச் செத்தான்.

எரிகோ அதோடு சரி. கிட்டார் வாசிக்க வேறு மேடை இல்லாமல்தான் அவன் இங்கே வந்தான்.

பாஸ்டர் விடவில்லை.

"இவரு கூடத் திரிஞ்சவன் கேக்கல. கர்த்தர் அவன அடிச்சாரு. இப்ப எங்க இருக்கான்? நரகத்துல இருக்கான்."

மூன்றாவது வரிசையில் மெர்வினின் அம்மா தங்கபாய் உட்கார்ந்திருந்தாள்.

முக்காடு போட்ட தலை நிமிரவில்லை. மடியில் கிடந்த கை சேலைத் தலைப்பைச் சுருட்டிக்கொண்டே போனது.

மூட்டைகளைக் கோணலாக அடுக்கவைத்த மேஸ்திரியை விட்டுவிட்டு, ஆண்டவர்மேல் கொலைப் பழி போடுகிறான் இந்த மனுஷன்.

"தம்பி இப்ப ஒரு சாட்சி சொல்லுவாரு." மைக் அவன் முன்னால் நீண்டது.

சாட்சி என்றால் என்ன சொல்ல வேண்டும் என்று முன்கூட்டியே சொல்லிக்கொடுத்திருந்தார்கள். நான் பாவி. மெர்வின் என்னைவிடப் பெரிய பாவி. அங்கே கொஞ்சம் அழ வேண்டும்.

சொல்லிவிட்டால் பாஸ்டர் ஊர் ஊராக மேடைக்குக் கூட்டிப்போவார். இனி மூட்டை தூக்க வேண்டாம்.

அவன் மைக்கை வாங்கினான். ஸ்டாண்டில் மாட்டினான்.

குனிந்து, கிட்டாரின் ஸ்பீக்கர்ப் பெட்டியின் சத்தத்தைக் கடைசிவரை திருகினான். கிட்டாரை அலறவைக்கும் பெடலைக் காலால் மிதித்தான்.

பந்தல் தகரம் அதிர்ந்தது.

கூட்டத் தொடக்கத்தில் பாஸ்டரே வேதத்திலிருந்து வாசித்த அதிகாரம். அதே வசனம். மெர்வின் மெட்டுப் போட்டது. அவன் அடித்தொண்டையிலிருந்து உறுமினான்.

பிள்ளைகள் வீறிட்டன. சபை மூப்பர்கள் மேடையில் ஏறினார்கள். தலைமேல் கைகள் விழுந்தன. ஒருவர் எண்ணெய்க் குப்பியைத் திறந்து நெற்றியில் கவிழ்த்தார்.

"அசுத்த ஆவியே, உன் பேர் என்ன? சொல்லு."

பதிலுக்கு அடுத்த வசனம் வந்தது.

"வெளிய போ. இவர விட்டு வெளிய போ."

வேதத்தை வைத்தே வேதத்தை விரட்டிக்கொண்டிருந்தார்கள்.

எண்ணெய் கண்ணுக்குள் இறங்கி எரிந்தது. அவன் கை நிற்கவில்லை.

யாரோ ஸ்பீக்கர்ப் பெட்டியின் கரண்டு ஒயரைப் பிடுங்கினார்கள்.

கிட்டார் செத்தது.

"பிசாசு போயிட்டு. போயிட்டு. ஸ்தோத்திரம்." பாஸ்டர் வியர்வையைத் துடைத்தார். கூட்டம் கைதட்டியது.

தங்கபாய் எழுந்து மேடைக்கு வந்தாள். ஒரு மூப்பர் அவள் தலையிலும் கை வைக்கப் போனார். தட்டிவிட்டாள்.

முந்தானையால் அவன் கண்ணைத் துடைத்தாள். பிறகு பாஸ்டரிடம் திரும்பினாள்.

"அது வசனம்யா. எம் பிள்ள பொறவாசல்ல அடிச்சு அடிச்சுப் பாடுனது. சோறு பொங்கிக்கிட்டே கேட்டவ சொல்லுதேன். அவன் நரகத்துல கெடக்கான்னு சொன்னீயள்லா? அது தப்புன்னு இந்த மைக்குலயே சொல்லுங்க."

மைக் ஸ்டாண்டிலேயே இருந்தது. அவள் பேசியது கடைசி வரிசை வரை கேட்டது.

கூட்டம் பாஸ்டரைப் பார்த்தது.

"கண்ண மூடுங்க. ஜெபிப்போம்" என்றார் அவர்.

எல்லோரும் மூடினார்கள். தங்கபாய் மூடவில்லை.

அவனும் மூடவில்லை. கீழே கிடந்த ஒயரைத் தேடி எடுத்துச் செருகினான். பெட்டியில் சிவப்பு விளக்கு எரிந்தது. காலைப் பெடல்மேல் வைத்துக்கொண்டு நின்றான்.

பாஸ்டர் ஒற்றைக் கண்ணைத் திறந்து பார்த்துவிட்டு மூடிக்கொண்டார். மழைக்காக ஜெபித்தார். அதிகாரிகளுக்காக ஜெபித்தார். மறுபடியும் மழைக்காக ஜெபித்தார். எல்லோரையும் கண் திறக்கவைக்கும் ஆமென் மட்டும் வரவில்லை.

தங்கபாய் அவர் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

சபை அவளிடம் கேட்க வேண்டிய மன்னிப்பு இன்னும் பாக்கி.