ஒரு பிடி மண்

அந்தக் கிரேக்கத் துறைமுகத்து மதுக்கடையில் சோகப் பாட்டை யார் வாசிக்கச் சொல்கிறாரோ அவர் மட்டும்தான் எழுந்து ஆட வேண்டும். வேறு யாராவது குறுக்கே வந்தால் கத்திக்குத்து வரை போகும் என்று என்னோடு கப்பலில் வேலை பார்க்கும் சில்வெஸ்தரிடம் முன்பே சொல்லியிருந்தேன். மத்தியானம் மூன்று மணிக்கு, ஸ்தாவ்ரோஸ் என்கிற மீனவர் தன் மனைவிக்காக ஒரு பாட்டு கேட்டார். விட்டுப் போனவளா, செத்துப் போனவளா, தெரியாது. கைகளை விரித்துத் தள்ளாடிச் சுழன்றவர், சட்டென்று குனிந்து உள்ளங்கையால் தரையைத் தொட்டார். சில்வெஸ்தர் எழுந்துவிட்டான். போன மாதம் நாங்கள் நடுக்கடலில் இருந்தபோது தூத்துக்குடியில் அவன் மனைவியை அடக்கம் செய்தார்கள். "ஒரு பிடி மண்ணு கூடப் போடலியேண்ணே" என்று அன்று என்னிடம் சொன்னான்.

"ஏல, உக்காருல" என்றேன். அவன் நடுவில் போய்க் குனிந்து, இல்லாத மண்ணை அள்ளி இல்லாத குழிக்குள் மூன்று முறை போட்டான்.

தந்தி வாத்தியம் வாசிப்பவரின் விரல்கள் தயங்கின. ஸ்தாவ்ரோஸ் அவனையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு ஒற்றை முழங்காலில் இறங்கி, அவனுக்குத் தாளம் தட்டத் தொடங்கினார். கடையிலிருந்த அத்தனை பேரும் முழங்காலிட்டார்கள். நானும்.

பாட்டு முடிந்தது. "உங்களுக்கு மறுபடி வாசிக்கட்டுமா?" என்று வாசிப்பவர் கேட்டார்.

"போதும்ப்பா" என்றார் ஸ்தாவ்ரோஸ். தொப்பியை எடுத்துக்கொண்டு, சில்வெஸ்தர் மண் போட்ட இடத்தை மிதிக்காமல் சுற்றிக்கொண்டு வாசலுக்குப் போனார்.