சில்லுக்குக் கீழே

"இஞ்சேருங்கோ, சில்லுக்குக் கீழ தேசிக்காய் வைக்காமல் இதில ஏறாதேங்கோ," என்றாள் பவளம் கணவரிடம்.

கேதீஸ்வரன் சுற்றுமுற்றும் பார்த்தார். "மெல்லக் கதையும். எங்கட ஊர்க் கார் எண்டு நினைச்சீரோ? வெள்ளைக்காரர் சிரிக்கப் போறாங்கள். மானம் போகுது, பையை மூடும்!"

சரக்கையும் ஆட்களையும் சேர்த்து ஏற்றலாமா என்று பரிசோதிக்க அந்தக் காலத்தில் கட்டிய இரட்டை இறக்கை விமானம் அது. மெல்பேர்ண் பட்டறையொன்றில் வருடக்கணக்காகப் பழுது பார்த்து, இந்த 1976இல்தான் மறுபடி பறக்கவிடுகிறார்கள். பட்டறையில் வேலை செய்யும் கேதீஸ்வரன்தான் முதல் பயணி.

பவளம் எலுமிச்சம்பழப் பையை மூடிக்கொண்டு, கூனிக் குறுகி, வேலியோரமாகப் போய் நின்றாள்.

கேதீஸ்வரன் ஏறி, விமானம் அசைந்ததும் சக்கரத்தின் கீழே எதுவோ நசுங்கித் தெறித்தது. விமானி இயந்திரத்தை நிறுத்தினார். பட்டறை மேலாளர் ஓடி வந்து குனிந்து, நசுங்கிய தேசிக்காயைத் தூக்கிப் பிடித்தார்.

"யார் வைத்தது இதை?"

அத்தனை பேரும் அங்கே சேலை கட்டி நின்ற ஒரே ஆளைத் திரும்பிப் பார்த்தார்கள். பவளம் பதறிப்போய்ப் பையைத் திறந்தாள். அவள் கொண்டுவந்த தேசிக்காய்கள் அப்படியே கிடந்தன.

நிமிர்ந்தாள். விமானத்தின் ஜன்னலில் கேதீஸ்வரன், அவள் கண்ணைப் பார்க்க முடியாமல் தலை குனிந்துகொண்டார். விடியற்காலையில் அவர் வீட்டுப் பின்வளவுத் தேசிமரத்தடியில் ஏன் நின்றார் என்பது இப்போதுதான் அவளுக்கு விளங்கியது.

பவளம் பையை இறுக்கி மூடினாள்.

"நான்தான் வைச்சனான். மன்னிச்சுக்கொள்ளுங்கோ," என்று தனக்குத் தெரிந்த இங்கிலீசில் சொன்னாள்.

எல்லோரும் சிரித்தார்கள். கேதீஸ்வரன் மட்டும் ஜன்னலிலிருந்து முகத்தை உள்ளே இழுத்துக்கொண்டார்.